மூன்று நிமிடம் மைக்கைக் கொடுங்கள்: டர்பன் தமிழ்ச் சங்கப் பெரியவர்களுக்கு ஒரு திறந்த மடல்

தென்னாப்பிரிக்காவின் டர்பன், சாட்ஸ்வர்த், ஃபீனிக்ஸ், பீட்டர்மாரிட்ஸ்பர்க் வட்டாரத்துத் தமிழ்ச் சங்க நிர்வாகிகளுக்கும், கோயில் குழுவினருக்கும், ஐஸ்டெட்ஃபோட் என்ற பெயரில் வருஷா வருஷம் ஒப்புவித்தல் போட்டி நடத்துகிற எல்லோருக்கும் வணக்கம்.

நேராக விஷயத்துக்கு வந்துவிடுகிறேன். அடுத்த போட்டியில் ஒரு புதுப் பிரிவு வேண்டும். பிள்ளைகள் தாங்களே எழுதியதை, தங்கள் வாயில் வருகிற தமிழில், ஆங்கிலமும் ஜூலுவும் கலந்தாலும் பரவாயில்லை என்று, மேடையேறி மூன்று நிமிடம் சொல்ல வேண்டும். உச்சரிப்புக்கு மார்க் கிடையாது. ழகரம் வரவில்லை என்று யாரும் பேனாவை எடுக்கக் கூடாது. கேட்பது இவ்வளவுதான். ஏன் கேட்கிறேன் என்பதுதான் மீதி மடல், கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இதைச் சொல்ல நீ யார் என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. நான் இந்த ஊரில் பிறந்தவள் இல்லை, கல்யாணமாகித் தமிழ்நாட்டிலிருந்து வந்தவள். சனிக்கிழமை காலையில் ஒரு கோயில் ஹாலில் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்கிறேன். அவர்களுடைய பாட்டிமார் படித்த காலத்தில் இதற்கு வெர்னாக் ஸ்கூல், அதாவது தாய்மொழிப் பள்ளி, என்று பெயர், இன்றைக்கும் சில வீடுகளில் அப்படித்தான் சொல்கிறார்கள். சம்பளம் கிடையாது, டீ உண்டு. நீங்கள் செய்திருக்கும் வேலையின் கனம் எனக்குத் தெரியும். 1860 நவம்பர் 16ஆம் தேதி ட்ரூரோ கப்பல் சென்னையிலிருந்து வந்து டர்பனில் நின்றதிலிருந்து 1911 வரைக்கும் ஏறக்குறைய 1,52,000 பேர் ஒப்பந்தக் கூலிகளாக இந்த நேட்டால் மாகாணத்துக்கு வந்தார்கள், அதில் பெரும்பகுதி சென்னைத் துறைமுகம் வழியாக. அப்படி வந்தவர்களின் கொள்ளுப்பேரன் பேத்திகள் இன்றைக்கும் நாலு குறள் சொல்கிறார்கள் என்றால் அதற்குக் காரணம் நீங்களும் உங்களுக்கு முன்னால் நாற்காலியில் இருந்தவர்களும்தான். இந்த மரியாதையோடுதான் மேலே எழுதுகிறேன்.

போட்டி நடக்கிற ஞாயிற்றுக்கிழமையைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்ப்போம். எட்டு வயசுப் பையன், வேட்டி இடுப்பில் நிற்காததால் மேலே பெல்ட் போட்டிருக்கிறான். கையில் பிளாஸ்டிக் உறைக்குள் ஒரு தாள். குறள் ஆங்கில எழுத்தில் அச்சாகியிருக்கிறது, நெடில் வருகிற இடமெல்லாம் அம்மா மஞ்சள் மார்க்கர் அடித்திருக்கிறார், எந்தக் குறளில் எந்தக் கையைத் தூக்க வேண்டும் என்று ஓரத்தில் பென்சிலில் குறிப்பு. பத்துக் குறளையும் மூச்சு விடாமல் சொல்லி முடித்து, கும்பிட்டு, இறங்கி, ஓடிப்போய் வேட்டியை உருவிவிட்டு ஷார்ட்ஸ் மாட்டிக்கொள்கிறான். 'ஒழுக்கம் விழுப்பம்' என்பது 'ஒலுக்கம் விலுப்பம்' ஆகிவிட்டதால் இரண்டாம் பரிசு. என்ன சொன்னாய் தம்பி என்று கேட்டால், நல்ல பிள்ளையா இருக்கணும்னு ஏதோ, ஆன்ட்டி, என்கிறான்.

நான் கேலி பண்ணவில்லை. மனப்பாடம் பெரிய சொத்து. எட்டு வயசில் உள்ளே போன குறள் முப்பது வயசில் திடீரென்று அர்த்தம் சொல்லும், அதை நானே பார்த்திருக்கிறேன். மோனையும் எதுகையும் ஏடு பார்த்துப் படிக்க மட்டும் வந்தவை இல்லை, காதில் விழுந்தால் நினைவில் தங்க வேண்டும் என்று வைத்தவை. ஆகவே ஒப்புவித்தலை நிறுத்துங்கள் என்று நான் கேட்கவே மாட்டேன். என் கவலை அந்தப் பையனுக்குப் பதிமூன்று வயசு ஆன பிறகு நடப்பதைப் பற்றி. உங்கள் பதிவேட்டை எடுத்துப் பாருங்கள், சின்னப் பிரிவில் நெரிசல் இருக்கும், மேல் பிரிவுக்குப் போகப் போகப் பெயர்கள் உதிர்ந்துகொண்டே வரும். டியூஷன், கிரிக்கெட், போன் என்று நாம் காரணம் சொல்லிக்கொள்கிறோம். ஆனால் அதே வயசுப் பிள்ளைகள் வெள்ளிக்கிழமை ராத்திரி இன்னொரு மேடையில் வரிசையில் நிற்கிறார்கள் என்பது உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்?

சாட்ஸ்வர்த்தில், யார் வேண்டுமானாலும் மேடையேறிச் சொல்லலாம் என்கிற ஒரு ஓபன் மைக் நிகழ்ச்சிக்கு என் மாணவி ஒருத்தி கூப்பிட்டாள். கிரேடு பதினொன்று படிக்கிறாள், உங்கள் போட்டியில் சின்ன வயசில் பரிசு வாங்கியவள், பிறகு வராமல் நின்றவள். சின்ன ஹால், ஒரே ஸ்பீக்கர், அதுவும் நடுநடுவே கொய்ங் என்று கத்துகிறது. உம்லாசியிலிருந்து வந்த ஜூலுப் பிள்ளைகளும் நம் பிள்ளைகளும் கலந்து தரையில் உட்கார்ந்திருக்கிறார்கள். இவள் எழுந்து போனாள். கையில் தாள் இல்லை. முதல் வரிக்கு முன்னால் நாலு விநாடி சும்மா நின்றாள், ஹால் தானாக அடங்கியது. கவிதை ஆங்கிலத்தில்தான், ஆனால் அவளுடைய ஆயா, அதாவது பாட்டி, பேசுகிற இடம் வந்தால் தமிழ், சந்தைக்காரன் பேசினால் ஜூலு. அவள் சொன்னதன் சாரத்தை என் தமிழில் தருகிறேன்:

எங்க ஆயாகிட்ட மூணு மொழி இருந்தது,
சாமிக்கு ஒண்ணு, முதலாளிக்கு ஒண்ணு, மீன்காரனுக்கு ஒண்ணு.
கோபம் வந்தா மூணும் ஒண்ணா வரும்.
எனக்குக் கொடுக்கிறப்ப மட்டும்
'நீ இங்கிலீஷ்ல நல்லாப் படி கண்ணு'ன்னு
மூணையும் முந்தானையில முடிஞ்சுக்கிட்டா.

'கண்ணு' என்ற இடத்தில் அவள் குரலை மாற்றினாள். மீன்காரனோடு பேரம் பேசுகிற இடத்தில் ஆயா 'ஹாயிபோ' என்று ஜூலுவில் கத்த, ஜூலுப் பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். கடைசி வரியில் ஒருத்தரும் சிரிக்கவில்லை, விரலைச் சொடுக்கினார்கள், அங்கே கைதட்டலுக்குப் பதில் அதுதான் வழக்கம். நிகழ்ச்சி முடிந்து வெளியே வந்தால் அவளுடைய அம்மா காரில் காத்திருக்கிறார். நல்லா இருந்துச்சு, ஆனா இதையெல்லாம் கோயில்ல சொல்லிடாத என்றார்.

ஏன் சொல்லக் கூடாது? இந்த மடலே அந்தக் கேள்விதான்.

இது ஏதோ அமெரிக்காக்காரன் புதுசாகக் கொண்டுவந்த பழக்கம் என்று உங்களில் சிலர் நினைக்கலாம். பாதி உண்மை. மார்க் ஸ்மித் என்ற கட்டடத் தொழிலாளி 1980களின் நடுவில் சிகாகோவில், கவிதை வாசிப்புக் கூட்டங்களில் ஆட்கள் தூங்குவதைப் பார்த்து வெறுத்துப்போய், மதுக்கடை ஒன்றில் புது மாதிரியான வாசிப்பை ஆரம்பித்தார். 1986இல் கிரீன் மில் என்ற ஜாஸ் கிளப்புக்கு அது மாறியது, அங்கே போட்டியும் ஆனது, ஸ்லாம் என்ற பெயரும் நிலைத்தது. அதில் எனக்குப் பிடித்த விதி, நடுவர்கள் பண்டிதர்கள் இல்லை. பார்க்க வந்த கூட்டத்திலிருந்து ஐந்து பேரைப் பிடித்து அட்டையைக் கையில் கொடுத்துவிடுவார்கள், பூஜ்யத்திலிருந்து பத்து வரை போட வேண்டும், அதிகபட்சத்தையும் குறைந்தபட்சத்தையும் தள்ளிவிட்டு நடுவில் இருக்கும் மூன்றைக் கூட்டிக்கொள்வார்கள். மூன்று நிமிடத்துக்கு மேல் போனால் மார்க் குறையும். பாட்டு வாத்தியம் கிடையாது, வேஷம் கிடையாது. மார்க் கூட்டுவது கணக்குத் தெரிந்த எந்தப் பையனும் செய்கிற வேலை. தமிழ் படித்த நடுவர் கிடைக்காமல் ஒவ்வொரு வருஷமும் நீங்கள் ஆள் தேடி அலைகிறீர்களே, இந்தப் பிரிவுக்கு அந்தத் தொல்லையே இல்லை. 2021 ஜனவரியில் அமெரிக்க அதிபர் பதவியேற்பில் 22 வயது அமாண்டா கோர்மன் மஞ்சள் கோட்டில் நின்று சொன்ன கவிதையை நீங்களும் டிவியில் பார்த்திருப்பீர்கள். அதற்குப் பிறகு இங்கே ஓபன் மைக் பக்கம் போகிற பெண் பிள்ளைகள் கூடியிருக்கிறார்கள் என்பது என் கண்ணில் பட்டது.

மீதிப் பாதி, இந்த மண்ணுடையது. ஜூலு அரசவையில் இம்போங்கி என்ற புகழ்க்கவி மன்னன் முன்னால் நின்று இஸிபோங்கோ சொல்வான், புகழ்வான், அதே மூச்சில் மன்னனைக் குத்தவும் அவனுக்கு உரிமை உண்டு. 1994 மே 10ஆம் தேதி மண்டேலா பதவியேற்றபோது அந்த மேடையிலும் புகழ்க்கவி ஒலித்தது. அதைச் சொன்னவர்களில் ஒருவரான ம்ஸ்வாகே ம்புலி 1980களில் சாவு ஊர்வலங்களிலும் கூட்டங்களிலும் கவிதை சொல்லி 'மக்கள் கவிஞர்' என்று பெயர் எடுத்தவர், அதற்காக நிறவெறி அரசு பிடித்து உள்ளே வைத்தது. இன்னும் கிட்டே வாருங்கள், நம் டர்பனுக்கே. ஆல்ஃபிரட் கபுலா டன்லப் டயர் தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டியவர். 1984இல் தன் தொழிற்சங்கக் கூட்டமைப்புக்கே, மன்னனுக்குச் சொல்வது போல, ஒரு இஸிபோங்கோ கட்டித் தொழிலாளர் கூட்டங்களில் சொன்னார். நிசே மலாங்கே, மி ஸ்டூமோ ஹ்லாட்ஷ்வாயோ என்று கூடவே ஒரு வரிசையே வந்தது. கையில் புத்தகம் இல்லாத ஆயிரக்கணக்கான பேர் முன்னால் நின்று சொல்லப்பட்ட கவிதைகள் அவை. இன்னொன்றும் கேளுங்கள், இது எனக்கு ரொம்பப் பிடித்த சங்கதி: 1968இல் நியூயார்க்கின் ஹார்லெமில் உருவான, ராப் பாட்டுக்கே முன்னோடி என்று சொல்லப்படுகிற லாஸ்ட் போயட்ஸ் குழு தன் பெயரை எடுத்துக்கொண்டது கியோராபெட்ஸே கோசிட்ஸிலே என்ற தென்னாப்பிரிக்கரின் கவிதையிலிருந்து. அவர் 2006இல் இந்த நாட்டின் அரசவைக் கவிஞர் ஆனார். ஆக, அமெரிக்காவிலிருந்து வந்தது என்று நாம் தள்ளுகிற சரக்கில் கொஞ்சம் இங்கிருந்து போனதுதான்.

நம் பக்கம் மட்டும் என்ன குறைச்சல்? பாணனும் பொருநனும் விறலியும் ஊர் ஊராகப் போய் வாயால் சொல்லிப் பிழைத்தவர்கள். தொண்டைமானின் ஆயுதச் சாலையில் நின்று, ஆகா, உங்கள் வேல்களுக்கு மயிற்பீலி கட்டி, மாலை போட்டு, நெய் பூசி எவ்வளவு அழகாக வைத்திருக்கிறீர்கள், எங்கள் அதியமானுடைய வேல்கள் பாவம், நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன என்று ஒளவை சொன்னாளே, புறநானூற்றில் இருக்கிறது, அது மேடையில் சொல்கிற கவிதை இல்லாமல் வேறென்ன? புகழ்ச்சி மாதிரித் தொடங்கி முகத்தில் அறைகிற வித்தை. அவளும் ஜூலு இம்போங்கியும் ஒரே திண்ணையில் உட்கார்ந்தால் விடிய விடியப் பேசிக்கொண்டிருப்பார்கள். அப்புறம் கப்பலில் கூடவே வந்த கும்மி, ஒப்பாரி. சிக்ஸ் ஃபுட் டான்ஸ் என்று இங்கே பெயர் மாறிய தெருக்கூத்து. மேகஸின் பாரக்ஸில் மாநகராட்சித் துப்புரவுத் தொழிலாளர்கள் குடியிருந்த காலத்துக் கதைகளை இன்றைக்கும் சாட்ஸ்வர்த்துத் தாத்தாக்கள் சொல்கிறார்கள், 1960களில் நிறவெறி அரசு அங்கிருந்து பெயர்த்துக்கொண்டுவந்து இங்கே போட்ட குடும்பங்கள். கூத்துக்காரர் மைக் இல்லாமல் கடைசி வரிசைக்கும் கேட்கிற மாதிரி வசனம் பேசுவார். அந்த மூச்சை அவர் யாருக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டுப் போகப்போகிறார்? இப்போது இருக்கிற கூத்து வாத்தியார் ஒருவரை ஒரு சனிக்கிழமை என் வகுப்புக்கு அனுப்பிப் பாருங்கள், பிள்ளைகளுக்கு யூடியூபில் கிடைக்காத பாடம் அது.

சரி, உங்கள் ஆட்சேபங்கள். தமிழ் கெட்டுப்போகும் என்பது முதலாவது. பெரியவர்களே, இந்த ஊர் ஆயாமார் பேசிய தமிழில் தெலுங்கு இருந்தது, ஜூலு இருந்தது, முதலாளி வீட்டு ஆங்கிலம் இருந்தது. அதில்தான் பிள்ளை வளர்த்தார்கள், சண்டை போட்டார்கள், ஒப்பாரி வைத்தார்கள். அவர்களுக்கு யாரும் மார்க் குறைக்கவில்லை. வாயில் புழங்குகிற மொழிதான் கலக்கும். கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தால் கலக்காதுதான். ஒரு பெண் ஆங்கிலக் கவிதைக்குள் பத்துத் தமிழ்ச் சொல் வைக்கிறாள் என்றால் அடுத்த கவிதையில் இருபது வேண்டும் என்று தேடுவாள். ஆன்ட்டி, 'மிஸ் பண்றேன்'னு தமிழ்ல எப்படிச் சொல்றது என்று என்னிடம் ராத்திரி பத்து மணிக்கு வாட்ஸ்அப்பில் கேட்கிறாள். இலக்கணப் புத்தகம் கையில் கொடுத்து நான் பட்ட பாட்டில் ஒருநாளும் இந்தக் கேள்வி வந்ததில்லை.

இரண்டாவது, அரசியல் பேசுவார்கள். ஆமாம், பேசுவார்கள். மறைப்பானேன். 2021 ஜூலையில் கொள்ளையும் தீவைப்புமாக வெடித்த கலவரத்தில், நம்மவர் அதிகம் வாழும் ஃபீனிக்ஸ் பகுதியில் மட்டும் 36 பேர் இறந்தார்கள், பெரும்பாலோர் கறுப்பினத்தவர். அந்த வாரம் தெருமுனையில் நாம் வைத்த தடுப்புகளைப் பற்றியும், நம் பயத்தைப் பற்றியும், அவர்கள் சாவைப் பற்றியும் நாம் எந்த மேடையிலாவது பேசினோமா? ஒரு நிமிட மௌனம், ஒரு தீர்மானம், அவ்வளவுதான். அந்தத் தெருக்களில் அப்போது பத்து வயசாக இருந்த பிள்ளைகளுக்கு இப்போது எழுதுகிற வயசு. தன் பள்ளித் தோழனின் மாமாவைச் சுட்டவன் தன் தெருக்காரன்தானோ என்று ராத்திரி யோசிக்கிற பிள்ளை அதை எங்கே போய்ச் சொல்லும்? 2022 ஏப்ரல் வெள்ளத்தில் இந்த மாகாணத்தில் 400க்கு மேற்பட்டவர்கள் செத்தார்கள், வீட்டில் வாரக்கணக்கில் தண்ணீர் வரவில்லை, அதைப் பற்றி ஒரு பையன் எழுதியிருக்கிறான், கார்ப்பரேஷனைக் கிழித்திருக்கிறான். உங்களுக்குச் சங்கடமாக இருக்கும். எனக்கும்தான் இருந்தது. சங்கடமாக இருப்பதைக் கேட்கத்தானே பெரியவர்கள்? கெட்ட வார்த்தை வருமே என்றால், கோயில் ஹாலில் என்ன சொல்லலாம் என்பது இந்தப் பிள்ளைகளுக்கு நம்மைவிட நன்றாகத் தெரியும், அம்மாக்கள் அப்படி வளர்த்திருக்கிறார்கள்.

1996 அரசியல் சட்டத்தின் ஆறாம் பிரிவில் தமிழின் பெயர் இருக்கிறது, இந்தி, தெலுங்கு, குஜராத்தி, உருது ஆகியவற்றோடு சேர்த்து, இந்த மொழிகளை வளர்க்க வேண்டும், மதிப்பை உறுதிசெய்ய வேண்டும் என்று. கூட்டங்களில் இதைப் பெருமையாகச் சொல்கிறோம், சொல்ல வேண்டியதுதான். ஆனால் சட்டப் புத்தகம் வாய் திறந்து பேசாது. 2017இல் யுனெஸ்கோ டர்பனை இலக்கிய நகரம் என்று அறிவித்தது, ஆப்பிரிக்காவில் முதல் நகரம். 1997இலிருந்து போயட்ரி ஆப்பிரிக்கா விழா நம் ஊரில்தான் நடக்கிறது, உலகம் முழுக்கவிருந்து கவிஞர்கள் விமானம் ஏறி வருகிறார்கள். நாம் பஸ் ஏறிப் போகிற தூரம். அந்த மேடையில் சாட்ஸ்வர்த்துப் பிள்ளை ஒன்று தமிழும் ஜூலுவும் ஆங்கிலமுமாக நின்று சொல்ல வேண்டும் என்பது என் ஆசை. அதற்கு முன்னால் நம் ஹாலில் நாலு தடவை உளறிப் பழக வேண்டாமா?

இனி ஏற்பாடு. போட்டியில் புதுப் பிரிவு சேர்க்கக் குழு கூட வேண்டும், விதி திருத்த வேண்டும், உங்கள் வேகம் எனக்குத் தெரியும். அதுவரை ஒரு வெள்ளிக்கிழமை, ஆடி மாசக் கூழ் ஊற்றுகிற நெரிசலெல்லாம் முடிந்த பிறகு, ஹால் சாவியை மட்டும் கொடுங்கள். சாயங்காலப் பூஜைக்கு இடைஞ்சல் இல்லாமல் ஆறரைக்கு ஆரம்பிக்கிறோம். உங்கள் ஸ்பீக்கரே போதும், பணம் எதுவும் வேண்டாம். வயசு வரம்பு வைக்க வேண்டாம், ஒப்பாரி தெரிந்த ஆயா யாராவது மூன்று நிமிடம் பாட வந்தால் முதல் இடம் அவருக்குத்தான். ஒரே ஒரு நிபந்தனை, முன்வரிசையில் நிர்வாகிகளுக்கென்று துணி போட்ட நாற்காலி போடமாட்டோம், நீங்களும் பிள்ளைகளோடு கலந்து உட்கார வேண்டும், அதில் ஐந்து பேர் கையில் மார்க் அட்டை வரும். எட்டரைக்குள் முடித்து, ஹாலைப் பெருக்கி, சாவியைத் திருப்பிக் கொடுத்துவிடுகிறேன்.

இப்படிக்கு,
சனிக்கிழமை வகுப்பு டீச்சர்